கொழுந்து மாடியில் பார்த்த கள்ளன்

நம்ம வயசுக்காரர்கள் நாலு பேர் ஒன்றாகச் சேருகிற இடம் இப்போது கிளினிக்தான். கல்யாண வீட்டுக்குப் போகலாமென்றால் முழங்கால் விடுவதில்லை. ஆனால் மாதத்தில் ஒரு நாள், பிரஷருக்கும் சீனிக்கும் நம்பர் எடுத்துக்கொண்டு, வாங்குப் பலகையில் வரிசையாக உட்கார்ந்துவிடுகிறோம். போன மாதம் அப்படி உட்கார்ந்திருந்தபோது சுவரில் இருந்த டிவியில் யாரோ ஒரு பழைய பொம்மைப் படத்தைப் போட்டுவிட்டார்கள். கறுப்புத் தொப்பி வைத்த ஒரு கள்ளன் நகைக்கடைக்குள் நுழைகிறான். கதவு கழன்று அவன் மேலேயே விழுகிறது. பல் உள்ளவர்கள், இல்லாதவர்கள் எல்லாருமாக விழுந்து விழுந்து சிரித்தீர்கள். பக்கத்தில் இருந்த அக்கா என் தொடையில் தட்டி, "என்னா டீச்சர், நீங்க மட்டும் உம்முன்னு இருக்கீங்க? சிரிங்க, பிரஷர் எறங்கும்" என்றார். தலைவலி என்று சொல்லித் தப்பித்தேன்.

தலைவலி ஒன்றும் இல்லை. எனக்கு அந்த மாதிரிப் படத்தைப் பார்த்தால் சிரிப்பு வராது. ஏன் என்று ஐம்பது அறுபது வருசமாக ஒழுங்காக யாரிடமும் சொல்லவில்லை. ஒருத்தரிடம் சொன்னேன், அது எப்படி முடிந்தது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். கண்ணில் இன்னும் கொஞ்சம் வெளிச்சம் இருக்கிறது, அதற்குள் எழுதிவிடுகிறேன்.

எனக்கு அப்போது ஒன்பது வயசு. அக்கரப்பத்தனைக்கு அப்பால், பஸ் நின்று திரும்புகிற இடத்திலிருந்து இன்னும் ரெண்டு மைல் நடக்க வேண்டிய தோட்டம். வெள்ளைக்காரத் தொரைதான் இன்னும் பங்களாவில் இருந்தார். எங்கள் காம்பரா, ஒற்றை அறை வீடு, கீழ் லயத்து வரிசையில் கடைசி. அதனால் ஒரு பக்கச் சுவர் எப்போதும் ஈரம். அம்மா கொழுந்தெடுக்கப் போவாள். அப்பாவுக்கு முதலில் ஸ்டோரில் வேலை, அதாவது தேயிலை அரைக்கிற இடத்தில். அங்கே ரோலர் அவருடைய வலது கையில் மூன்று விரலைக் கொண்டுபோய்விட்டது. அதற்குப் பிறகு தொரை பாவம் பார்த்து ஒரு லேசான வேலை கொடுத்தார். விடியக்காலத்தில் பெரட்டுக் களத்தில் தட்டு அடிக்கிற வேலை.

உங்களுக்குப் பெரட்டைப் பற்றி நான் விளக்க வேண்டியதில்லை. ஆனாலும் சொல்கிறேன், நம்ம பிள்ளைகள் யாராவது படிக்கலாம். ஆட்களை எல்லாம் காலையில் களத்தில் நிறுத்தி, யார் யாருக்கு எந்த மலையில் என்ன வேலை என்று பிரித்து அனுப்புவதுதான் பெரட்டு. எங்கள் தோட்டத்தில் அதற்குச் சங்கு கிடையாது. சொளகு அளவுக்கு ஒரு பித்தளைத் தட்டு, களத்து ஓரத் தகரக் கொட்டகையில் தொங்கும். அதை அடித்தால் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கிற மேல் லயம்வரை கேட்கும். அப்பா அடித்தால்தான் அடுப்பு பற்றும், பிள்ளைகள் அழும், நாய் குரைக்கும். ஆட்களிடம் கடிகாரம் ஏது. அந்தத் தட்டுச் சத்தத்தை நம்பித்தான் முந்நூறு பேர் படுத்தார்கள்.

ஞாயிற்றுக்கிழமை பெரட்டு இல்லை. காற்றில் தட்டு ஆடி தானாகச் சத்தம் போட்டு ஆட்களைக் குழப்பிவிடும் என்று, சனிக்கிழமை பின்னேரமே அப்பா அதைத் தும்புக் கயிற்றால் தூணோடு சேர்த்துக் கட்டிவிடுவார். மூன்று விரல் இல்லாத கையால் கட்ட அவரே ஒரு முடிச்சுக் கண்டுபிடித்திருந்தார். பார்க்கச் சிக்குப் பிடித்த மயிர் மாதிரி இருக்கும். தொரைக்கு அடுத்தபடியாக வேலையை மேற்பார்க்கிற கண்டாக்கையாகூட ஒரு தடவை அவிழ்க்கப் பார்த்து, முடியாமல் சிரித்துவிட்டுப் போனார். எனக்கு மட்டும் அப்பா சொல்லிக் கொடுத்திருந்தார். நடுவில் ஒரு வளையத்தை உள்ளே தள்ளிவிட்டு இழுத்தால் முழுக்கயிறும் கையோடு வந்துவிடும். இது எங்கள் ரெண்டு பேருக்கும் மட்டும் உள்ள இரகசியம் என்று எனக்குப் பெரிய கர்வம்.

ஆடி மழை கொஞ்சம் விட்ட ஒரு ஞாயிற்றுக்கிழமை, சுகாதாரப் படம் காட்டுகிற வேன் வந்தது. கொக்கிப் புழுவைப் பற்றிய படம். கக்கூசுக்குப் போய் வந்து கை கழுவச் சொல்கிற படம். தொரைதான் வரவழைத்தார். வெளியில் எந்த நேரமும் மழை வரலாம் என்பதால் ஸ்டோரின் மேல் மாடியில் ஏற்பாடு. கொழுந்தை வாட்டப் பரப்பி வைக்கிற மாடி. அன்றைக்குக் கொழுந்து இல்லை. கொழுந்துத் தட்டுகளை ஓரமாகத் தள்ளி, ஜன்னல்களில் எல்லாம் சாக்கை அடித்து இருட்டாக்கினார்கள். பகல் மூன்று மணிக்கு அப்படி ஒரு இருட்டை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. வாடிய கொழுந்தின் மணம் பலகையில் ஊறியிருந்தது. அதோடு ஈரக் கம்பளி வாடை, வெற்றிலை வாடை, படப்பெட்டி சூடாகிற வாடை.

புழுப் படம் முக்கால் மணி நேரம் ஓடியது. புழு, திரை முழுக்க, பாம்பளவுக்கு நெளிந்தது. பொம்பளைகள் எல்லாம் சேலையால் மூக்கை மூடிக்கொண்டார்கள். முன்வரிசையில் ஒரு கிழவர், "இம்புட்டுப் பெருசு நம்ம வவுத்துல எப்புடிய்யா கெடக்கும்? வெள்ளக்காரன் வவுத்துல வேணா கெடக்கும்" என்று சொல்லிக் கங்காணியிடம் வாங்கிக்கட்டிக்கொண்டார்.

அது முடிந்ததும் வேன்காரர், பேசாமல் இருந்ததற்குப் பரிசு என்று சொல்லி, ஒரு சின்னச் சுருளை மாட்டினார். அதில்தான் கள்ளன் வந்தான்.

வரைந்த படம் அசைவதை நாங்கள் யாரும் அதுவரை பார்த்ததில்லை. கத்திரிக்காய் மூக்கு. ரெண்டு பக்கமும் விளக்குமாறு மாதிரி மீசை. முழங்காலை மார்புவரை தூக்கித் தூக்கி, நுனிக்காலில் நடந்து வந்தான். ஒவ்வொரு அடிக்கும் டொய்ங், டொய்ங் என்று ஒரு சத்தம். ஒரு பெரிய வீட்டு இரும்புப் பெட்டியைக் களவெடுக்கப் போகிறான். வெடி வைத்தான், சுவர் அப்படியே நின்றது, அவன் கரியாகிப்போனான். கயிறு கட்டி இழுத்தான், பெட்டி வரவில்லை, அவனுடைய கால்சட்டைதான் கழன்றது. கடைசியில் எப்படியோ பெட்டியை முதுகில் ஏற்றிக்கொண்டு மலையேறினான். உச்சியில் கால் வழுக்கியது. பெட்டி அவன் மேலே உருண்டு அவனை ரொட்டி மாதிரி தட்டையாக்கிவிட்டுப் போனது. அவனே தன்னை மண்ணிலிருந்து உரித்தெடுத்து, ஒரு உதறு உதறி, மறுபடி பெட்டிக்குப் பின்னால் ஓடினான். வீட்டுக்குக் கொண்டுபோய் ஆசையாகத் திறந்தால், உள்ளே ஒரு தொந்திப் போலீஸ்காரன் உட்கார்ந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டிருக்கிறான்.

மாடி இடிந்துவிடும் போல் சிரிப்பு. ஆனால் நான் பாதியில் திரையை விட்டுவிட்டு அம்மாவைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என் அம்மா சிரித்துக்கொண்டிருந்தாள். வாயை மூடாமல், தலையைப் பின்னால் சாய்த்து, கண்ணில் தண்ணீர் ஓட. எனக்கு நினைவு தெரிந்து அம்மா அப்படிச் சிரித்ததே இல்லை. எனக்கு மேலே ஒன்று, கீழே ஒன்று என்று ரெண்டு பிள்ளைகளை மண்ணுக்குக் குடுத்துவிட்டவள். அப்பாவின் குடி வேறு. முந்திய தீபாவளிக்கு அப்பா கோயிலில் சூடம் அணைத்துக் குடியை விட்டிருந்தார். ஆனால் அம்மா நம்பவில்லை. அவர் வெளியே போய்வந்தால் வாயை மோந்து பார்ப்பாள். அந்த அம்மாதான் பக்கத்துப் பொம்பளையின் தோளைப் பிடித்துக்கொண்டு, "ஐயோ போதும்டி, வவுறு வலிக்குது" என்றாள்.

அப்பா படம் பார்க்கவில்லை. மாடிப்படி வாசலில் வெளிச்சம் வராமல் சாக்கைப் பிடித்துக்கொண்டு நிற்கிற வேலை அவருக்கு. வீட்டுக்குப் போகிற வழியில் கேட்டேன். "நீங்க சிரிச்சதப் பாத்தேன், அது போதும்" என்றார்.

அந்த வாரம் முழுக்க லயத்தில் எல்லாப் பிள்ளைகளுக்கும் கள்ளன் விளையாட்டுத்தான். ஆனால் கள்ளன் வேசம் பெரியம்மா மகன் அண்ணனுக்கு. அவனுக்குப் பதினொரு வயசு, கரியால் மீசை போட்டுக்கொள்வான். நான் கேட்டபோது, "பொம்பளப் புள்ள கள்ளனா வந்தா யாரு சிரிப்பா? நீ பெட்டியா இரு" என்று குனிந்து உட்காரச் சொன்னான். ரெண்டு நாள் பெட்டியாக உட்கார்ந்தேன். மூன்றாம் நாள் ரோசம் வந்துவிட்டது.

"நீ பொய்யிக்குத்தான் களவெடுப்ப. நான் நெசமாவே பெரிய சாமான் ஒன்னத் தூக்கிக் காட்டவா?"

"என்னாத்தத் தூக்குவ?"

தோட்டத்தில் பிள்ளைகள் கைக்கு எட்டுகிற பெரிய சாமான் என்ன இருக்கிறது? என் வாயில் வந்துவிட்டது. "பெரட்டுத் தட்டு."

அண்ணன் வாயைப் பிளந்தான். அந்தப் பிளந்த வாய்க்காகவே நான் அதைச் செய்தேன் என்று சொன்னாலும் தப்பில்லை. உண்மை அதற்கும் கொஞ்சம் உள்ளே இருந்தது. திங்கட்கிழமை விடிவதற்குள் தட்டைத் திரும்ப மாட்டிவிட்டு, அம்மாவிடம் கதையாகச் சொல்லி, நடந்தும் காட்டினால், அம்மா மறுபடி அப்படிச் சிரிப்பாள் என்று கணக்குப் போட்டிருந்தேன்.

அடுத்த ஞாயிறு பின்னேரம். மூடுபனி இறங்கி, பத்தடிக்கு அப்பால் ஆள் தெரியாத நேரம். அம்மாவின் பழைய கொழுந்துக் கூடையை எடுத்துக்கொண்டு போனேன். முடிச்சின் வளையத்தைத் தள்ளி இழுத்தேன், கயிறு அப்படியே கையோடு வந்தது. அதைத் தூணடியில் போட்டுவிட்டு, தட்டைக் கொக்கியிலிருந்து கழற்றினேன். தட்டு சத்தம் போடாமல் இருக்கச் சாக்குத் துண்டைச் சுற்றி, கூடைக்குள் இறக்கி, கூடைக் கயிற்றைக் கொழுந்தெடுக்கிறவர்கள் போலத் தலையில் மாட்டிக்கொண்டேன். கழுத்து முறிகிற பாரம். அதோடு முழங்காலைத் தூக்கித் தூக்கி நுனிக்காலில் நடந்தேன். அண்ணன் ஒவ்வொரு அடிக்கும் வாயால் டொய்ங், டொய்ங் என்றான். ரெண்டு பேரும் சிரித்த சிரிப்பில் நான் ஒரு தடவை சேற்றில் விழுந்தேன். அப்படியே தட்டையாகக் கிடந்து, மெதுவாக என்னை உரித்தெடுத்துக் காட்டினேன். அண்ணன் தரையில் உருண்டான். என் வாழ்க்கையில் அவ்வளவு சந்தோசமாக இருந்த பின்னேரம் வேறு இல்லை.

நம்பர் மூன்று மலைக்குக் கீழே, தேயிலைக்கு நடுவில் ஓடுகிற கானுக்குள் தட்டை வைத்து, கவ்வாத்தில் வெட்டிப்போட்ட தேயிலைக் குச்சியைப் போட்டு மூடினோம். கான் என்பது மழைத்தண்ணி வடிய வெட்டின வாய்க்கால் என்பது எங்கள் ரெண்டு பேருக்கும் நன்றாகவே தெரியும். ஆனால் அன்றைக்கு மழை இல்லை. பிள்ளைகளுக்கு அன்றைக்கு உள்ளதுதான் வானம்.

மழை அதன் பிறகு வந்தது. படங்குத் துணி மாதிரி ஒரே கனமாக, இடைவெளி விடாமல் தகரத்தில் கொட்டியது. அந்தச் சத்தத்தில்தான் நான் தூங்கிப்போனேன் போலும். என்னை எழுப்பியது அப்பாவின் குரல். தட்டு இருக்க வேண்டிய இடத்தில் வெறும் கயிற்றைப் பார்த்துவிட்டு, அவர் கீழ் லயம் முழுக்க ஓடி, ஒவ்வொரு கதவாகத் தட்டிக்கொண்டிருந்தார். "எந்திரிங்க, எந்திரிங்க, விடிஞ்சிருச்சி! பெரட்டு நேரம்!" கீழ் லயத்து ஆட்கள் பதறி எழுந்தார்கள். ஆற்றில் வெள்ளம். அப்பா கரையில் நின்று மேல் லயத்தைப் பார்த்துக் கத்தினார். ஆற்றுச் சத்தத்தில் அது யாருக்குக் கேட்கும்?

அன்றைக்குப் பெரட்டுக்குப் பாதி ஆட்கள்தான் நேரத்துக்கு வந்தார்கள். மேல் லயம் முழுசும் பிந்திவிட்டது. அந்த மாதம் தோட்டத்தில் வேலைநிறுத்தப் பேச்சு வேறு இருந்தது. காலியாகக் கிடந்த பாதிக் களத்தைப் பார்த்ததும், இது திட்டம் போட்டுச் செய்த வேலை என்று தொரை முடிவு கட்டிவிட்டார். பிந்தி வந்தவர்கள் அத்தனை பேருக்கும் அரைப்பேர் போடச் சொன்னார். அதாவது நாள் முழுக்க வேலை, பாதி நாள் சம்பளம்.

இதெல்லாம் நடந்துகொண்டிருக்கும்போது நான் காம்பராவில் பாயில் உட்கார்ந்திருந்தேன். முந்தின நாள் பாவாடையையே உடுத்திப் படுத்திருந்தேன். முன்பக்கம் முழுக்க காய்ந்த சேறு. அதில் பித்தளையின் பச்சைக் களிம்பும் அப்பியிருந்தது. அப்பா ஆபீசுக்குப் போவதற்கு முன் ஒரு நிமிசம் உள்ளே வந்தார். கையில் அந்தக் கயிறு. அறுந்த கயிறு அல்ல, ஒழுங்காக அவிழ்ந்த கயிறு. என்னைப் பார்த்தார். பாவாடையைப் பார்த்தார். "கழட்டு தாயி" என்றார். பாவாடையை வாங்கிக்கொண்டு தண்ணிப் பீலிக்கரைக்குப் போய், விரலில்லாத கையால் கல்லில் தேய்த்துத் துவைத்து, கொடியில் போட்டுவிட்டுத்தான் ஆபீசுக்குப் போனார். அப்பா துணி துவைத்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

நான் பின்னாலேயே ஓடினேன். ஆபீஸ் வாசலில் கூட்டம். தொரை படியில் நின்றார். அவர் கேட்பதைக் கண்டாக்கையா தமிழில் திருப்பி அப்பாவிடம் கேட்டார்.

"யார்ரா தட்ட எடுத்தது?"

"தெரியாதுங்க ஐயா."

"கயிறு அறுக்கல, அவுத்திருக்கு. இந்த முடிச்ச ஒன்னத் தவிர வேற யாருக்கு அவுக்கத் தெரியும்?"

அப்பா கூட்டத்தைப் பார்த்தார். நான் முன்னால் நின்றேன். வாயைத் திறக்கத்தான் போனேன், சத்தியமாக. அப்பா என்னைப் பார்த்து லேசாகத் தலையை ஆட்டினார். தூங்குகிற பிள்ளைக்குப் பக்கத்தில் யாராவது பேசினால் வேண்டாம் என்று ஆட்டுவோமே, அந்த மாதிரி.

"எனக்கு மட்டுந்தாங்க ஐயா தெரியும்" என்றார்.

அது போதுமாக இருந்தது. தொழிற்சங்கம் சொல்லிச் செய்தானா, பித்தளையை டவுனில் வித்துக் குடித்தானா என்பதுதான் மிச்சக் கேள்வி. சங்கத்துத் தலைவர், தங்களுக்கு இதில் சம்பந்தமில்லை என்று கையை விரித்தார். அப்படியென்றால் வித்துத்தான் குடித்திருக்க வேண்டும். அரைப்பேர் வாங்கின மேல் லயத்துக்காரர்களுக்கு அந்த முடிவு ரொம்பப் பிடித்தது. அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை.

அம்மாவுக்கும் சந்தேகமே வரவில்லை. பத்து மாதமாக வாயை மோந்து பார்த்துக்கொண்டிருந்தவளுக்கு, கடைசியில் தான் நினைத்ததுதான் சரி என்று ஆனது. லயத்து வாசலில், எல்லாரும் கேட்க, தலையில் அடித்துக்கொண்டு கத்தினாள். "சாமி முன்னுக்குச் சூடம் அணைச்சியே, அது பொய்யா? சோறு போட்ட தட்ட வித்துக் குடிச்சியே, நீ மனுசனா?" அப்பா சுவரோரமாகக் குந்தியிருந்தார். மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. இப்போது நினைத்தால், அவர் மறுத்திருந்தால் அடுத்த கேள்வி என்னிடம் வந்திருக்கும் என்று தெரிகிறது. அப்போது எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். பெரியவர்கள் எப்படியும் சமாளித்துவிடுவார்கள்.

அண்ணனும் நானும் தட்டைத் தேடிப் போனோம். கொண்டுவந்து கொட்டகையில் போட்டுவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நம்பினோம். நம்பர் மூன்று மலையில் கரை இடிந்து, கான் இருந்த இடமே தெரியவில்லை. ஆள் உயரத்துக்குச் செம்மண், அதில் வேரோடு கிடந்த தேயிலைச் செடிகள். கையால் தோண்டினோம். நகம் பெயர்ந்து ரத்தம் வந்ததும் அண்ணன் அழுதான். "சொல்லாத. சொன்னா எங்க அப்பா என்னயக் கொன்னுப் போடும்" என்று என் தலையில் கை வைத்துச் சத்தியம் வாங்கினான். அடுத்த வருசமே பெரியம்மா குடும்பம் கப்பலேறி இந்தியாவில் இருந்த ஊருக்குப் போய்விட்டது. அண்ணனை நான் அதற்குப் பிறகு பார்க்கவில்லை.

அப்பாவுக்குப் பத்துச்சீட்டு கொடுத்துவிட்டார்கள். தோட்டத்தை விட்டு வெளியேற்றுகிற சீட்டு. அதில் களவு என்று எழுதியிருந்தால் வேறு எந்தத் தோட்டத்திலும் பேர் பதிய மாட்டார்கள். அம்மா நல்ல கொழுந்துக்காரி என்பதால், புருசனை உள்ளே சேர்க்கக் கூடாது என்ற நிபந்தனையோடு எங்களைக் காம்பராவில் இருக்கவிட்டார்கள். அதற்குக் கங்காணி தொரையிடம் கெஞ்சினார். நல்ல மனசில்தான் செய்தார்.

அப்பா பட்டிப்பொலப் பக்கம் விறகு வெட்டப் போனார். மூன்று விரல் இல்லாமல் எப்படிக் கோடாலி பிடித்தாரோ தெரியாது. மாதத்தில் ஒரு ஞாயிறு வருவார். தோட்டத்து எல்லைக் கல்லுக்கு அந்தப் பக்கம், ரோட்டோரம் உட்கார்ந்திருப்பார். உள்ளே கால் வைத்தால் அத்துமீறல் என்று வழக்குப் போடுவார்கள். அம்மா போகவே மாட்டாள். ஆனால் ரொட்டியும் சம்பலும் கட்டி, "கொண்டுபோய்க் குடு, பட்டினி கெடந்து செத்தா அந்தப் பாவமும் நமக்குத்தான்" என்று என் கையில் கொடுப்பாள்.

ஒரு தடவை அப்படிப் போயிருந்தபோது அப்பா ரொட்டியைப் பிய்த்துக்கொண்டே கேட்டார்.

"அந்தப் படத்துல வந்தானே கள்ளன். கடைசியில அவன் என்னா ஆனான்?"

"தப்பிச்சு ஓடிட்டான்ப்பா" என்றேன்.

"அப்ப நல்லது" என்று சிரித்தார்.

"அப்பா, நாந்தான்..." என்று ஆரம்பித்தேன். அவர் ரொட்டியில் ஒரு துண்டை என் வாயில் வைத்துவிட்டார். "சாப்புடு. ஆறிப்போவுது." கொஞ்சம் கழித்து, எங்கேயோ பார்த்துக்கொண்டு சொன்னார். "பொம்பளப் புள்ளைக்கி ஒரு பேரு விழுந்துட்டா அப்புறம் அது போவாது தாயி. எனக்கு ஏற்கனவே ஒரு பேரு இருக்கு. அதோட இது ஒன்னு. நீ நல்லா படி."

ரெண்டாவது பனிக்காலத்தில் அப்பாவுக்குச் சளி கட்டி, காய்ச்சல் வந்து, ஆஸ்பத்திரியில் செத்துப்போனார் என்று தகவல் வந்தது. தகவல் வந்து சேர்ந்தபோது அவரை அடக்கியும் முடித்திருந்தார்கள். அம்மா தாலியைக் கழட்டிக் கையில் வைத்துக்கொண்டாள். அப்புறம், "குடிச்சுக் குடிச்சு ஈரல் போயிருக்கும்" என்றாள். அப்பா அந்தச் சூடத்துக்குப் பிறகு ஒரு சொட்டுத் தொடவில்லை. அது எனக்குத் தெரியும். எல்லைக் கல்லுக்கு அந்தப் பக்கம் நான் அவருடைய மடியில் சாய்ந்திருந்தேனே, எனக்குத் தெரியாதா?

நான் படித்தேன். தோட்டத்துப் பள்ளிக்கூடத்திலேயே டீச்சரானேன். ஒவ்வொரு வருசமும் இந்த வருசம் அம்மாவிடம் சொல்லிவிட வேண்டும் என்று நினைப்பேன். அம்மா ஏதாவது ஒரு நோவில் இருப்பாள், அல்லது எனக்கு ஒரு நல்ல காரியம் நடந்துகொண்டிருக்கும். அப்படியே முப்பது வருசம் போய்விட்டது. கோழைத்தனம் என்று சொல்லுங்கள், சரிதான்.

அம்மாவின் கண் மங்கி, அவள் என்னோடு வந்து இருந்த காலத்தில், ஒரு நாள் காலையில் வெயில் நல்லாக அடித்தது. அம்மாவை வாசலில் நாற்காலியில் உட்கார வைத்துத் தலை சீவிக்கொண்டிருந்தேன். அவள் பழசு பேச ஆரம்பித்தாள். "ஒங்கப்பன் மட்டும் ஒழுங்கா இருந்திருந்தா" என்று எப்போதும் போலத் தொடங்கினாள். நான் சீப்பைக் கீழே வைத்துவிட்டு அவளுக்கு முன்னால் வந்து உட்கார்ந்தேன். முழுக்கச் சொன்னேன். மாடியில் பார்த்த கள்ளனிலிருந்து, கூடையில் தூக்கிப்போனது, கான், மழை, அப்பா தலையை ஆட்டியது வரைக்கும். சொல்லி முடிக்கும்போது ஒன்பது வயசுப் பிள்ளை மாதிரித் தேம்பிக்கொண்டிருந்தேன். அடிப்பாள் என்று எதிர்பார்த்தேன். அடித்தால் நல்லது என்றும் இருந்தது.

அம்மா கையை நீட்டி, தடவி, என் முகத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"ஒங்கப்பா மேல ஒனக்கு இம்புட்டுப் பாசமாடி?" என்றாள். "செத்த மனுசன் பேரக் காப்பாத்த, அந்தக் களவ ஒன் தலையில தூக்கிப் போட்டுக்கிறியே. எந்தப் புள்ள இப்புடிச் செய்யும்?"

"இல்லம்மா. நெசம். நாந்தான் எடுத்தேன்."

"போடி பைத்தியக்காரி. நீ எப்புடித் தூக்குவ, ஒம்பது வயசுல? பெத்தவளுக்குத் தெரியாதா?" என் கன்னத்தைத் துடைத்துவிட்டாள். "போதும். நானும் அந்த மனுசன இனி ஏசல. ஒனக்காக அவர மன்னிச்சிட்டேன். போ."

அதற்கு மேல் நான் எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். சத்தியம் செய்தேன். ஒவ்வொரு சத்தியத்துக்கும் அவள் என்னை இன்னும் நல்லவளாக்கினாள். வந்தவர் போனவரிடம் எல்லாம் சொன்னாள். லயத்தில் ஒரு பேச்சாகிவிட்டது. அவள் செத்த அன்றைக்கு, பாடை தூக்குமுன், கங்காணியுடைய மகன் நாலு வார்த்தை பேசினார். தகப்பன் செய்த களவைத் தான் செய்ததாகச் சொல்லத் துணிந்த பிள்ளையைப் பெற்ற தாய் என்று அம்மாவைப் புகழ்ந்தார். எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். பொம்பளைகள் அழுதார்கள். நான் கைகூப்பிக்கொண்டு நின்றேன்.

இந்தப் பக்கம் வயசானவர்களிடம் இன்றைக்கும் கேட்டுப் பாருங்கள். அப்பா என்றால் தட்டை வித்துக் குடித்தவர், டீச்சர் என்றால் தங்கமான பிள்ளை என்றுதான் சொல்வார்கள். அப்பா குடிக்கவில்லை. அவர் எடுக்கவுமில்லை. எடுத்தது நான்தான். அம்மா நம்பாமலே போய்விட்டாள். நீங்களாவது நம்புங்கள்.